சைக்கிள் டு வொர்க்: பேஸ்லிப்பில் உண்மையில் எவ்வளவு மிஞ்சும்? அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

லண்டனில் ஒரு நிறுவனத்தின் பேரோல் பிரிவில் வேலை பார்க்கிறேன். சம்பளம் போடுவது, பிடித்தம் பிடிப்பது, பேஸ்லிப்பைக் கையில் பிடித்துக்கொண்டு முகம் சிவந்து வருகிறவர்களைச் சமாதானப்படுத்துவது, இதுதான் என் பிழைப்பு. ஆல்பர்ட்டனிலிருந்து பார்க் ராயலுக்குக் கால்வாய்க் கரையோரமாகச் சைக்கிளில் போய் வருகிறவன் என்பது ஊருக்கே தெரியும். அதனால் கோயில் வாசலிலும் கல்யாணப் பந்தியிலும்கூட, கம்பெனி மூலம் சைக்கிள் எடுக்கும் இந்தத் திட்டத்தைப் பற்றிக் கேட்கத்தான் என்னைப் பிடித்துக்கொள்கிறார்கள். திரும்பத் திரும்பச் சொன்னதை எழுதியே வைத்துவிடலாம் என்று உட்கார்ந்தேன். தொகைகள் எல்லாம் 2025-26 வரி ஆண்டுக்கானவை.

இது என்ன திட்டம்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

உங்கள் கம்பெனி ஒரு சைக்கிளை வாங்கி உங்களுக்கு வாடகைக்குத் தருகிறது. அந்த வாடகையை வரி பிடிப்பதற்கு முன்பே உங்கள் சம்பளத்திலிருந்து கழித்துக்கொள்கிறது. கழித்த தொகைக்கு வருமான வரியும் இல்லை, நேஷனல் இன்சூரன்ஸ் என்ற சமூகப் பாதுகாப்புச் சந்தாவும் இல்லை. பிரிட்டன் இதை 1999 நிதிச் சட்டத்தில் கொண்டுவந்தது. காரை விட்டு மக்களை இறக்குவதுதான் நோக்கம். 2017இல் இந்த மாதிரிச் சம்பளக் கழிவு ஏற்பாடுகளில் பெரும்பாலானவற்றின் வரிச் சலுகையை அரசு வெட்டியபோது, பென்ஷன், குழந்தைப் பராமரிப்பு, புகை குறைந்த கார் ஆகியவற்றோடு சைக்கிளும் தப்பித்தது.

ஆங்கிலத்தில் இதற்குச் சாலரி சாக்ரிஃபைஸ் என்று பெயர். தியாகம் என்று மொழிபெயர்க்க எனக்கு மனம் வரவில்லை. சம்பளக் கழிவு என்றே எழுதுகிறேன்.

"வாடகை" என்ற சொல்லை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பாதிப் பேர் அதை மறந்துவிடுகிறார்கள். பிற்பாடு வருகிற வயிற்றெரிச்சல் எல்லாம் அங்கேதான் தொடங்குகிறது.

கணக்குப் போட்டுக் காட்டுங்களேன்.

சைக்கிள், பூட்டு, விளக்கு, ஹெல்மெட் எல்லாம் சேர்த்து 1,200 பவுண்ட் என்று வைத்துக்கொள்வோம். வாடகைக் காலம் 12 மாதம். மாதம் 100 பவுண்ட் உங்கள் மொத்தச் சம்பளத்தில் குறையும்.

நீங்கள் 20 சதவீத வரி கட்டுகிறவர் என்றால், அந்த 100 பவுண்டுக்கு 20 வரியாகவும் 8 நேஷனல் இன்சூரன்ஸாகவும் எப்படியும் போயிருக்கும். ஆக கைக்கு வரும் பணத்தில் குறைவது 72தான். வருடத்துக்கு 864.

40 சதவீத வரி கட்டுகிறவருக்கு 40 வரி, 2 நேஷனல் இன்சூரன்ஸ். கையில் குறைவது 58. வருடத்துக்கு 696.

இதோடு முடிந்தது என்று நினைத்தால் ஏமாந்தீர்கள். வருடம் முடிந்ததும் சைக்கிள் இன்னும் உங்களுடையதாகவில்லை. அதற்கு ஒரு தொகை உண்டு. கீழே வருகிறேன்.

திட்டத்தின் விளம்பரப் போஸ்டரில் "47 சதவீதம் வரை மிச்சம்" என்று போட்டிருக்கிறதே?

"வரை" என்ற சொல்லை ஏன் பொடி எழுத்தில் போடுகிறார்கள் என்று எப்போதாவது யோசித்திருக்கிறீர்களா? 47 என்பது 1,25,140 பவுண்டுக்கு மேல் சம்பாதிப்பவருக்கு. அவர் 45 சதவீத வரியும் 2 சதவீத நேஷனல் இன்சூரன்ஸும் கட்டுகிறவர். நம்மில் பெரும்பாலானவர்கள் 28இல் இருக்கிறோம், கொஞ்சம் பேர் 42இல்.

நடுவில் மாட்டிக்கொண்டவர்கள் பேஸ்லிப்பை நன்றாகப் பார்க்க வேண்டும். சம்பளம் 51,000 என்றால், 50,270க்கு மேல் இருக்கும் 730 பவுண்டுக்குத்தான் 42 சதவீதம் மிஞ்சும். 1,200இல் மீதி 470க்கு 28தான். இரண்டும் சேர்த்து 438 பவுண்ட். மோசமில்லை, ஆனால் 504 என்று நினைத்து வந்தவருக்கு ஏமாற்றம்தான்.

எதிர்த் திசையில் ஒரு நல்ல செய்தி. வீட்டில் இரண்டு பிள்ளைகள், உங்கள் வருமானம் 60,000க்கும் 80,000க்கும் நடுவில் என்றால், சைல்ட் பெனிஃபிட் என்ற பிள்ளைகளுக்கான உதவித்தொகையை ஒவ்வொரு 200 பவுண்டுக்கும் ஒரு சதவீதமாக அரசு திரும்ப வாங்கிக்கொள்கிறது அல்லவா? சம்பளக் கழிவு அந்த வருமானத்தையும் குறைக்கும். 1,200 பவுண்ட் கழித்தால் 6 சதவீதம், அதாவது சுமார் 135 பவுண்ட் கூடுதலாக உங்களிடமே நிற்கும். ஒரு லட்சத்தைத் தாண்டியவர்களுக்கு வரியில்லாத் தொகை கரையத் தொடங்கும். அந்த இடத்தில் மிச்சம் 62 சதவீதம் வரை போகும். படிப்புக் கடன் கட்டிக்கொண்டிருந்தால் அதிலும் 9 சதவீதம் குறையும். ஆனால் அது லாபம் இல்லை, கடன் மெதுவாக அடைகிறது, அவ்வளவுதான்.

ஸ்காட்லாந்தில் வரி விகிதங்கள் வேறு. அங்கே இருப்பவர்கள் என் கணக்கை அப்படியே எடுத்துக்கொள்ள வேண்டாம்.

வருடம் முடிந்ததும் சைக்கிள் எனக்குத்தானே?

இல்லை. தானாக உங்களுக்கு வராது. "கடைசியில் உங்களுக்கே கொடுத்துவிடுகிறோம்" என்று கம்பெனி முதலிலேயே எழுதிக் கொடுக்கவும் முடியாது. அப்படிக் கொடுத்தால் அது வாடகை என்ற கணக்கிலிருந்து தவணைக் கொள்முதல் என்ற கணக்குக்குப் போய்விடும், வரிச் சலுகையும் போய்விடும். அதனால்தான் பேரோலில் யாரைக் கேட்டாலும் மழுப்பலாகப் பதில் சொல்கிறார்கள். திமிர் என்று நினைக்காதீர்கள்.

நடைமுறையில் மூன்று வழிகள். திருப்பிக் கொடுத்துவிடலாம் (நான் பார்த்தவரை யாரும் கொடுத்ததில்லை). அப்போதே சந்தை மதிப்பைக் கட்டி வாங்கலாம். அல்லது வாடகைக் காலத்தை நீட்டிக்கலாம்.

சந்தை மதிப்பு என்றால் கடைக்காரர் சொல்கிற விலை இல்லை. வரித்துறையான எச்எம்ஆர்சி ஒரு அட்டவணை வைத்திருக்கிறது. 500 பவுண்டும் அதற்கு மேலும் விலையுள்ள சைக்கிளுக்கு ஒரு வருடம் கழித்து 25 சதவீதம், இரண்டு வருடம் கழித்து 17, மூன்று வருடம் கழித்து 12, நான்கு வருடம் கழித்து 7. அதற்குக் குறைந்த விலை என்றால் இதே வரிசையில் 18, 13, 8, 3. இந்த மதிப்புக்கும் குறைவாக யாராவது உங்களுக்குக் கொடுத்தால் வித்தியாசத்துக்கு நீங்கள் வரி கட்ட வேண்டியிருக்கும்.

இப்போது நம் 1,200 பவுண்ட் கணக்குக்குத் திரும்புவோம். ஒரு வருடம் முடிந்ததும் அவசரப்பட்டு 25 சதவீதம் கட்டினால் அது 300 பவுண்ட். 28 சதவீதக்காரர் ஏற்கெனவே 864 கொடுத்துவிட்டார். மொத்தம் 1,164. இத்தனை படிவம், இத்தனை கையெழுத்து, மிஞ்சியது 36 பவுண்ட்! சுண்டைக்காய் கால்பணம், சுமைகூலி முக்கால்பணம்.

நீட்டிப்பு வழியில் என்ன ஆகும்? 7 சதவீதம், அதாவது 84 பவுண்டை வைப்புத்தொகையாகக் கட்டுகிறீர்கள். அதன்பின் மூன்று வருடம் மாத வாடகை எதுவும் இல்லாமல் ஓட்டுகிறீர்கள். சைக்கிளுக்கு நான்கு வயதானதும் அதன் மதிப்பும் 7 சதவீதத்துக்கு வந்துவிடும், வைப்புத்தொகையே விலையாகிவிடும், சைக்கிள் உங்கள் பெயருக்கு. மொத்தச் செலவு 948. மிச்சம் 252, அதாவது 21 சதவீதம். 40 சதவீத வரிக்காரருக்கு மொத்தம் 780, மிச்சம் 35 சதவீதம். போஸ்டருக்கும் பேஸ்லிப்புக்கும் நடுவில் உள்ள தூரம் இதுதான்.

எல்லா நிறுவனமும் இந்த நீட்டிப்பைத் தருவதில்லை. ஒரு சிலர் ஆரம்பத்திலிருந்தே நீண்ட காலம் இரவல் கொடுத்து, மதிப்பு ஒன்றுமில்லாமல் போன பிறகு ஒரு பவுண்டுக்குத் தள்ளிவிடுகிறார்கள். அதனால் சைக்கிளின் நிறத்தைத் தேர்ந்தெடுப்பதற்கு முன்பே கேட்க வேண்டிய கேள்வி: "வாடகை முடிந்ததும் என்னென்ன வழிகள் தருவீர்கள், ஒவ்வொன்றுக்கும் எவ்வளவு?"

1,000 பவுண்டுக்கு மேல் எடுக்க முடியாது என்கிறார்களே?

பழைய கதை. அது வரிச் சட்டத்தின் வரம்பே இல்லை, கடன் ஒழுங்குமுறை தொடர்பானது. 2019 ஜூனில் அரசு வழிகாட்டியைத் திருத்தியது. நிதி நடத்தை ஆணையத்தின் அனுமதி பெற்ற வாடகை நிறுவனம் வழியாகப் போனால் அதற்கு மேலும் எடுக்கலாம். ஆனால் உங்கள் முதலாளி தன் விருப்பப்படி ஒரு வரம்பு வைக்கலாம். பல இடங்களில் இன்னும் 1,000இலேயே நிற்கிறார்கள். சிலர் மின்சார சைக்கிளுக்காக 3,000, 4,000 என்று உயர்த்தியிருக்கிறார்கள்.

இன்னொரு பழைய கதையும் உண்டு. "வாட் வரியும் மிச்சமாகும்" என்பார்கள் அந்தக் காலத்து ஆட்கள். 2012 ஜனவரியோடு அது போயிற்று.

மின்சார சைக்கிள் எடுக்கலாமா?

தாராளமாக. ஆனால் சட்டப்படி அது சைக்கிளாக இருக்க வேண்டும். மிதித்தால்தான் ஓட வேண்டும், மோட்டார் 250 வாட்டுக்கு மேல் போகக் கூடாது, மணிக்கு 15.5 மைலில் மோட்டார் உதவி நின்றுவிட வேண்டும். ஓட்டுபவருக்கு 14 வயது ஆகியிருக்க வேண்டும். இதற்குள் இருந்தால் லைசென்ஸ், இன்சூரன்ஸ், பதிவு எதுவும் வேண்டாம். சாதாரண சைக்கிளில் மோட்டார் மாட்டிக்கொள்ளும் கிட்டை இணையத்தில் வாங்கி மாட்டலாம் என்று யோசிப்பவர்கள் வீட்டுக்குள் அதைச் சார்ஜ் போடுவதற்கு முன் தீயணைப்புத் துறை போடுகிற வீடியோக்களைப் பார்த்துவிடுங்கள்.

லண்டன்காரர்களுக்கு: 2025 மார்ச் 31 முதல் லண்டன் போக்குவரத்து அமைப்பான டிஎஃப்எல்லின் ரயில்களில் மடக்க முடியாத மின்சார சைக்கிளை ஏற்ற முடியாது. பாதி தூரம் ரயில், பாதி தூரம் சைக்கிள் என்று திட்டம் போடுகிறவர்கள் மடக்குச் சைக்கிளாகப் பார்க்க வேண்டும். பிராம்ப்டன் என்ற மடக்குச் சைக்கிள், நமக்குப் பக்கத்தில் கிரீன்ஃபோர்டில்தான் தயாராகிறது. விலை கேட்டால் அயல்நாட்டுச் சரக்கு மாதிரி இருக்கும்.

ஹெல்மெட், பூட்டு எல்லாம் சேர்க்கலாமா?

பாதுகாப்புச் சாமான் எல்லாம் சேர்க்கலாம். தர முத்திரை உள்ள ஹெல்மெட், விளக்கு, மணி, பின்னால் வருவதைப் பார்க்கும் கண்ணாடி, மட்கார்டு, கேரியர், பை, பூட்டு, சங்கிலி, பம்பு, பஞ்சர் ஒட்டும் சாமான், பளிச்சென்று தெரியும் உடுப்பு, குழந்தை இருக்கை வரைக்கும். குழந்தையை நர்சரியில் விட்டுவிட்டு வேலைக்குப் போகிறவர்களுக்கு அந்தக் கடைசிச் சாமான் பெரிய உதவி. மணியையும் விட்டுவிடாதீர்கள். கால்வாய்க் கரையில் நடப்பவர்கள் மணி கேட்டால் விலகுவார்கள். வாத்துகள் விலகாது, இறங்கித் தள்ளிக்கொண்டு போக வேண்டியதுதான்.

பூட்டில் மட்டும் கஞ்சத்தனம் பார்க்காதீர்கள். வரி மிச்சத்தோடு நல்ல பூட்டு வாங்க இதைவிடச் சந்தர்ப்பம் வராது. பூட்டின் வலிமைக்குத் தரப்படும் சோல்ட் செக்யூர் முத்திரையில் கோல்ட் அல்லது டைமண்ட் தரம் பாருங்கள்.

வாரத்தில் இரண்டு நாள்தான் ஆபீஸ். தகுதி உண்டா?

உண்டு. சட்டம் கேட்பது, சைக்கிளைப் பெரும்பாலும் வேலைப் பயணத்துக்குப் பயன்படுத்த வேண்டும் என்பது. அதாவது நீங்கள் ஓட்டுவதில் பாதிக்கு மேல். வாரத்தில் இத்தனை நாள் என்று கணக்கு இல்லை. வீட்டிலிருந்து ரயில் நிலையம் வரை ஓட்டினாலும் அது வேலைப் பயணத்தின் ஒரு பகுதிதான். நாட்குறிப்பு எழுதி வைக்கத் தேவையில்லை, வழியில் யாரும் நிறுத்திக் கேட்கவும் மாட்டார்கள். ரயிலின் இரண்டு பக்கமும் ஒவ்வொன்று வேண்டும் என்றால் இரண்டு சைக்கிள்கூட எடுக்க விதி இடம் கொடுக்கிறது.

ஞாயிற்றுக்கிழமை பார்க்கில் ஓட்டலாம். கடைக்குப் போகலாம். வேலைக்கு ஒருநாளும் ஓட்டாமல் மகனுக்குப் பிறந்தநாள் பரிசாக எடுத்துக் கொடுப்பது மட்டும் திட்டத்தை மீறுவது. இதை மூன்று பேர் என்னிடம் கேட்டிருக்கிறார்கள், மூவருக்கும் ஒரே பதில்தான் சொன்னேன்.

நான் குறைந்தபட்சச் சம்பளத்தில் இருக்கிறேன். எனக்கு ஏன் மறுத்தார்கள்?

இந்தத் திட்டத்தில் எனக்குப் பிடிக்காத இடம் இதுதான். சம்பளக் கழிவுக்குப் பிறகு மிஞ்சும் சம்பளம் சட்டப்படியான குறைந்தபட்சக் கூலிக்குக் கீழே போகக் கூடாது. 2025-26 வரி ஆண்டில் 21 வயது ஆனவர்களுக்கு அது மணிக்கு 12.21 பவுண்ட். வாரம் 37.5 மணி நேரம் என்றால் வருடத்துக்குச் சுமார் 23,810. உங்கள் சம்பளமே அதுதான் என்றால் ஒரு பென்னிகூடக் கழிக்க முடியாது. 24,500 என்றால் சுமார் 690 பவுண்டுக்கு இடம் இருக்கிறது, அதற்குள் ஒரு சைக்கிள் பார்க்கலாம்.

விதி தொழிலாளியைப் பாதுகாக்கத்தான் வந்தது, அதில் குறை சொல்ல முடியாது. ஆனால் விளைவைப் பாருங்கள். காலை நான்கு மணிக்கு முதல் பஸ் வருவதற்கு முன்பே கிளீனிங் வேலைக்குக் கிளம்புகிற அக்காவுக்குச் சலுகை இல்லை. 1,30,000 வாங்குகிற மேனேஜருக்கு 47 சதவீதம். ஒருமுறை ஒரு கேர்ஹோமில் வேலை செய்யும் அம்மா படிவத்தை நிரப்பி, சைக்கிள் படத்தைக்கூட மடித்து வைத்துக்கொண்டு வந்தார். நான்தான் முடியாது என்று சொல்ல வேண்டியிருந்தது.

வழி இருக்கிறதா? வாடகைக் காலத்தை 18 அல்லது 24 மாதமாக நீட்டிக் கேட்டுப் பாருங்கள். மாதக் கழிவு குறையும், சிலருக்கு அதில் இடம் கிடைத்துவிடும். ஓவர்டைமைக் காட்டி வாதாடாதீர்கள். ஓவர்டைம் கூலி கூட வந்தாலும், மணிக்கணக்கும் கூடவே ஏறும்.

டெலிவரி செய்கிறேன், சொந்தக் கணக்கு. எனக்கு?

இல்லை. சம்பளம் இருந்தால்தான் சம்பளக் கழிவு. ஆனால் தொழிலுக்காக வாங்கும் சைக்கிளைத் தொழில் செலவாக உங்கள் வரிக் கணக்கில் காட்டலாம். ரசீதைப் பத்திரமாக வையுங்கள். சொந்தமாக லிமிடெட் கம்பெனி வைத்து அதில் சம்பளம் வாங்குகிறவர்கள் திட்டத்தைப் பயன்படுத்தலாம். வேறு ஊழியர்கள் இருந்தால் அவர்களுக்கும் திறந்து விட வேண்டும். முதலாளிக்கு மட்டும் என்று வைத்துக்கொள்ள முடியாது.

நடுவில் வேலையை விட்டால்?

மீதி வாடகை முழுவதும் கடைசிச் சம்பளத்தில் பிடிக்கப்படும். அதுவும் வரி கட்டிய பிறகு உள்ள பணத்திலிருந்து. நம் உதாரணத்தில் ஐந்து மாதம் கழித்து விலகினால், 28 சதவீதக்காரர் 360 கொடுத்திருப்பார். மீதி 700ஐ அப்படியே பிடிப்பார்கள். மொத்தம் 1,060. சைக்கிளைச் சொந்தமாக்க அதற்கு மேல். ஆட்குறைப்பில் போனாலும் பொதுவாக இதே நிலைதான்.

நம்மூரிலிருந்து வந்த டாக்டர் தம்பி தங்கைகள் இதில்தான் அதிகம் மாட்டுகிறார்கள். பயிற்சியில் இருக்கும்போது ஆகஸ்டில் மருத்துவமனை மாறும், அதோடு மருத்துவமனையை நடத்தி சம்பளம் போடுகிற டிரஸ்டும் மாறும். பிப்ரவரியில் ஆசையாகச் சைக்கிள் எடுத்து, ஆகஸ்டில் பாதித் தொகையை ஒரே அடியாக இழந்தவர்களை எனக்குத் தெரியும். சில பகுதிகளில் லீட் எம்ப்ளாயர் என்று ஒரே இடத்திலிருந்து முழுப் பயிற்சிக் காலத்துக்கும் சம்பளம் வரும். உங்களுக்கு அப்படியா என்று கேட்டுக்கொள்ளுங்கள். இல்லை என்றால், புது இடத்தில் சேர்ந்த முதல் மாதமே எடுத்து, கான்ட்ராக்ட் முடிவதற்குள் வாடகையும் முடிகிற மாதிரி பார்த்துக்கொள்ளுங்கள்.

பென்ஷன் குறையுமா?

கம்பெனியைப் பொறுத்தது. பல தனியார் நிறுவனங்கள் கழிவுக்கு முந்தைய சம்பளத்தை வைத்தே பென்ஷன் கணக்குப் போடுகின்றன. அங்கே கவலை இல்லை. அரசு மருத்துவச் சேவையான என்எச்எஸ் ஊழியர்களுக்குக் கழித்த தொகை பென்ஷன் கணக்கில் வராது. அதனால் உங்கள் பென்ஷன் சந்தாவும் குறையும். ஆன்லைன் கணக்குப்பொறி அதையும் "மிச்சம்" என்று கூட்டிக் காட்டும். அதை நம்பாதீர்கள். என்எச்எஸ்ஸின் 2015 பென்ஷன் திட்டத்தில் ஒவ்வொரு வருடச் சம்பளத்திலும் 54இல் ஒரு பங்கு ஆண்டுப் பென்ஷனாகச் சேர்கிறது. 1,200ஐ 54ஆல் வகுத்தால் 22 பவுண்ட் சொச்சம். ஓய்வுபெற்ற பின் ஒவ்வொரு வருடமும் அவ்வளவு குறையும், விலைவாசிக்கேற்ப அது ஏறவும் செய்யும். 20 வருடம் பென்ஷன் வாங்கினால் இன்றைய மதிப்பில் 440 பவுண்டுக்கு மேல். எடுக்காதீர்கள் என்று சொல்லவில்லை. பஸ் பாஸ் காசு மிஞ்சுகிறதே, அதையும் தராசில் போட்டுப் பாருங்கள்.

குழந்தைக்குத் திட்டமிடுகிறோம். இப்போது எடுக்கலாமா?

கொஞ்சம் பொறுங்கள். சட்டப்படியான பேறுகாலச் சம்பளத்தில் முதல் ஆறு வாரம் உங்கள் சராசரிச் சம்பளத்தின் 90 சதவீதம். அந்தச் சராசரியைக் கர்ப்ப காலத்தின் நடுவில் வரும் ஏறத்தாழ எட்டு வாரச் சம்பளத்தை வைத்துப் போடுவார்கள். அந்த வாரங்களில் மாதம் 100 பவுண்ட் கழிந்துகொண்டிருந்தால், ஆறு வாரத்தில் சுமார் 125 பவுண்ட் இழப்பு. தவிர, அந்தச் சட்டப்படியான பணத்திலிருந்து கழிவு செய்ய முடியாது, வாடகையை நிறுத்தி வைத்துப் பிறகு தொடர்வார்கள். வீட்டில் இன்னொருவர் வேலையில் இருந்தால் அவர் பெயரில், அவர் ஓட்டுவதற்கு எடுப்பது சுலபம்.

வீட்டுக் கடனுக்கு விண்ணப்பிக்கப் போகிறவர்களும் பேஸ்லிப்பில் மொத்தச் சம்பளம் கொஞ்சம் குறைந்து தெரியும் என்பதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

திருடு போனால்?

வாடகை நிற்காது. சைக்கிள் இல்லாமல் வாடகை மட்டும் கட்டுவது எவ்வளவு கசப்பு என்பதை நான் சொல்ல முடியும். என் முதல் சைக்கிளை ஒரு ரயில் நிலையத்தில், கேமராவுக்கு நேர் கீழே நிறுத்தினேன். அன்று தாமதமாகிவிட்டது, அவசரத்தில் பூட்டை முன் சக்கரத்துக்கும் கம்பிக்கும் மட்டும் போட்டுவிட்டு ஓடினேன். மாலையில் வந்தபோது பூட்டு பத்திரமாக இருந்தது, கம்பி பத்திரமாக இருந்தது, முன் சக்கரமும் பத்திரமாக இருந்தது. மீதிச் சைக்கிளைத்தான் காணோம். இன்னும் ஒன்பது மாத வாடகை பாக்கி.

பூட்டு சைக்கிளின் ஃப்ரேமையும் சக்கரத்தையும் சேர்த்துப் பிடிக்க வேண்டும். வீட்டுப் பொருள் இன்சூரன்ஸில் சைக்கிளைத் தனியாகச் சேர்க்கச் சொல்லுங்கள். அது உங்கள் சொந்தம் இல்லை, வாடகை என்பதையும் சொல்லுங்கள். வீட்டுக்கு வெளியே நிறுத்தினாலும் செல்லுமா என்று கேளுங்கள். ஃப்ரேமில் உள்ள எண்ணைப் போலீஸ் பார்க்கக்கூடிய பைக்ரெஜிஸ்டர் தளத்தில் பதிந்துவிடுங்கள்.

ஜனவரி தள்ளுபடியில் வாங்கினால் இன்னும் லாபமா?

சில நேரம் நேராகக் காசு கொடுத்து வாங்குவதே லாபம். 1,200 பவுண்ட் சைக்கிள் கால்வாசி தள்ளுபடியில் 900க்கு வந்தால், 28 சதவீதக்காரர் திட்டத்தில் முழு விலைக்கு எடுத்துக் கொடுக்கும் 948ஐவிட அது குறைவு. அன்றைக்கே உங்களுக்குச் சொந்தம், யாருக்கும் பதில் சொல்ல வேண்டாம்.

இரண்டும் சேர்ந்து கிடைக்காதா? திட்டத்தை நடத்தும் நிறுவனங்கள் கடைக்காரரிடம் கமிஷன் வாங்குகின்றன. தள்ளுபடியும் கொடுத்துக் கமிஷனும் கொடுத்தால் சின்னக் கடைக்குக் கையைக் கடிக்கும். அதனால் சிலர் மறுப்பார்கள், சிலர் தள்ளுபடி விலைக்கு மேல் கொஞ்சம் போட்டுக் கொடுப்பார்கள். 900க்கு மேல் 10 சதவீதம் போட்டு 990 என்றாலும் எடுத்துக்கொள்ளுங்கள். நீட்டிப்பு வழியில் எல்லாம் சேர்த்துச் சுமார் 782தான் ஆகும்.

எங்கள் கம்பெனியில் இந்தத் திட்டமே இல்லை. எப்படிக் கேட்பது?

"ஊழியர் நலன்" என்று ஆரம்பிக்காதீர்கள். காசைச் சொல்லுங்கள். உங்கள் சம்பளம் 1,200 குறைந்தால், முதலாளி அதற்குக் கட்டும் 15 சதவீத நேஷனல் இன்சூரன்ஸும் மிஞ்சுகிறது. ஒரு ஆளுக்கு 180 பவுண்ட். இருபது பேர் எடுத்தால் 3,600. வேலையை வெளி நிறுவனமே பார்த்துக்கொள்ளும். இந்த இரண்டு வரியை மின்னஞ்சலில் போட்டு, உடன் விரும்புகிற நான்கு பேர் பெயரையும் சேர்த்து அனுப்புங்கள்.

விண்ணப்பித்தால் எத்தனை நாள் ஆகும்?

கடையில் போய் உட்கார்ந்து, ஓட்டிப் பார்த்து, எழுத்தில் விலைப்பட்டியல் வாங்குங்கள். அதைக் கம்பெனியின் தளத்தில் பதிந்து வாடகை ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட்டால், கம்பெனி பணம் கட்டியதும் உங்களுக்கு ஒரு சான்று வரும். அதையும் அடையாள அட்டையையும் காட்டிச் சைக்கிளை எடுக்கலாம். இரண்டு மூன்று வாரம் என்று வையுங்கள். மாத நடுவில் எங்கள் பேரோல் கதவு மூடிவிடும். 20ஆம் தேதி ஒப்பந்தத்தைக் கொண்டுவந்து "இந்த மாதமே கழியுங்கள் அண்ணா" என்று கேட்டால் நான் என்ன செய்வது?

அயர்லாந்தில் இருக்கிற தங்கைக்கும் இதே மாதிரி உண்டா?

உண்டு, 2009இலிருந்து. அங்கே வரம்பு சட்டத்திலேயே இருக்கிறது: சாதாரண சைக்கிள் 1,250 யூரோ, மின்சார சைக்கிள் 1,500, சரக்குச் சைக்கிள் 3,000. நான்கு வருடத்துக்கு ஒருமுறைதான்.

இங்கே எத்தனை முறை எடுக்கலாம்?

சட்டத்தில் எண்ணிக்கை இல்லை. பொதுவாக முந்தைய வாடகை முடிந்திருக்க வேண்டும், முதலாளி சம்மதிக்க வேண்டும், அவ்வளவுதான். நான் இப்போது ஓட்டுவது மூன்றாவது. முதல் சைக்கிளின் முன் சக்கரம் இன்னும் ஷெட்டில் ஆணியில் தொங்குகிறது.